பிஎஸ்5-இல் இடம் போதவில்லை: எதை வைப்பது, எதை அழிப்பது, எதை வாங்குவது?

சோனியின் பிளேஸ்டேஷன் 5 கேம் கன்சோல் (பிஎஸ்5) பற்றி வந்த கேள்வி இது: "பழைய பிஎஸ்5, டிஸ்க் போடும் மாடல். ஏழு கேம் ஏற்றியதுமே இடமில்லை என்கிறது. கடைக்காரர் 2 டிபி வெளி ஹார்ட் டிஸ்க் வாங்கினால் போதும் என்கிறார். நண்பன், அது வேலைக்கு ஆகாது, எம்.2 எஸ்எஸ்டி போடு என்கிறான். நானும் தங்கையும் ஆளுக்கொரு கணக்கில் விளையாடுகிறோம். ஒரு கேமை அழித்தால் அவள் இதுவரை விளையாடியதெல்லாம் போய்விடுமா? பிஎஸ் பிளஸ் சந்தா இல்லை."

கடைசிக் கேள்வியிலிருந்து தொடங்குகிறேன். வெளியே மாட்டும் ஹார்ட் டிஸ்க்கா, உள்ளே செருகும் எம்.2 எஸ்எஸ்டி என்ற வேகமான சேமிப்பு அட்டையா என்பதில் தவறினால் கொஞ்சம் பணம் வீணாகும், அவ்வளவுதான். சேவ் (எதுவரை விளையாடினோம் என்று கன்சோல் வைத்திருக்கும் பதிவு) விஷயத்தில் தவறினால் உங்கள் தங்கை பல மாதம் உட்கார்ந்து விளையாடியது போய்விடும். அதை எந்தக் கடையிலும் திரும்ப வாங்க முடியாது.

கேமை அழித்தால் சேவ் அழியாது. பிஎஸ்5 இந்த இரண்டையும் தனித்தனியாக வைத்திருக்கிறது. நூறு ஜிபி கேமை இன்று நீக்கிவிட்டு ஆறு மாதம் கழித்துத் திரும்ப ஏற்றினாலும், அவள் விட்ட இடத்திலிருந்தே தொடரலாம். நம் கையால் சேவ் அழிய முக்கியமாக மூன்று வழிகள் உண்டு. சேவ் டேட்டா பக்கத்துக்குள் போய் நாமே அழிப்பது ஒன்று. கன்சோலிலிருந்து ஒரு பயனர் கணக்கை நீக்குவது இன்னொன்று, அந்தக் கணக்கின் சேவ்களும் அதோடு போகும். மூன்றாவது, கன்சோலை முழுதாக ரீசெட் செய்வது. இடம் காலி செய்ய இந்த மூன்றில் எதுவுமே தேவையில்லை.

இவ்வளவு அழுத்திச் சொல்ல ஒரு காரணம் இருக்கிறது. என் அக்கா மகன் பத்தாம் வகுப்பு விடுமுறை முழுக்க ஒரே கேமை விளையாடினான். புதிதாக ஒன்று ஏற்ற இடம் வேண்டும் என்று ஸ்டோரேஜ் பக்கத்துக்குப் போனவன், கேம்களை அழிக்க மனமில்லாமல் சேவ் டேட்டா பட்டியலைத் திறந்து எல்லாவற்றையும் தேர்ந்தெடுத்து நீக்கிவிட்டான். அதில் கிடைத்த இடம் 4 ஜிபிகூட இல்லை. வீட்டில் பிஎஸ் பிளஸ் என்ற சோனியின் சந்தா கிடையாது, அதனால் கிளவுடிலும் (சோனியின் இணையச் சேமிப்பகத்திலும்) நகல் இல்லை. அன்று மாலை அவன் எனக்கு போன் செய்தபோது என்னால் எதுவும் செய்ய முடியவில்லை. அதிலிருந்து யார் இடம் பற்றிக் கேட்டாலும் நான் முதலில் சொல்வது இதைத்தான்: கேம் எப்போதும் திரும்ப வரும், சேவ் வராது.

பிஎஸ்5 சேவ்களை மட்டும் தனியாக ஒரு பென் டிரைவில் நகலெடுத்து வைத்துக்கொள்ளவும் வழி இல்லை (கன்சோல் முழுவதையும் யுஎஸ்பி டிரைவுக்கு பேக்கப் எடுத்தால் சேவ்களும் அதில் சேரும்). பிஎஸ்4 கேம்களின் சேவ்களை யுஎஸ்பி-க்கு நகலெடுக்கலாம். பிஎஸ்5 கேம்களின் சேவ்களைத் தனியாக எடுத்து வைக்க பிஎஸ் பிளஸ் சந்தாவோடு வரும் கிளவுட் மட்டும்தான். சந்தா இருந்தால் பிஎஸ்5 சேவ்களுக்கு 100 ஜிபி, பிஎஸ்4 சேவ்களுக்குத் தனியாக 100 ஜிபி கொடுக்கிறார்கள், தாராளமாகப் போதும். உங்களிடம் சந்தா இல்லை, முழு பேக்கப்பும் எடுத்து வைக்கவில்லை என்றால் உங்கள் இருவரின் சேவ்களும் அந்த ஒரு கன்சோலுக்குள் மட்டுமே இருக்கின்றன. வீட்டில் வேறு யாராவது இந்தக் கன்சோலைத் தொடுவார்கள் என்றால் அவர்களிடமும் இதைச் சொல்லிவையுங்கள்.

இனி இடம் எங்கே போனது என்று பார்ப்போம்.

உங்கள் பெட்டியில் எழுதியிருப்பது 825 ஜிபி. இது என்ன வினோதமான எண் என்று பலர் கேட்பார்கள். கன்சோலை வடிவமைத்த மார்க் செர்னி 2020 மார்ச்சில் தந்த விளக்க உரையில் இதற்குக் காரணம் சொன்னார். உள்ளே இருக்கும் ஃபிளாஷ் நினைவகம் 12 தடங்கள் வழியாக ஒரே நேரத்தில் படிக்கப்படுகிறது. அந்த அமைப்புக்கு இயல்பாகப் பொருந்திய கொள்ளளவு 825 ஜிபி. நொடிக்கு 5.5 ஜிபி படிக்கும் வேகமும் அதனால்தான். சிஸ்டம் மென்பொருள் தனக்கென எடுத்துக்கொண்டது போக நமக்குக் கிடைப்பது சுமார் 667 ஜிபி. பெரிய கேம் ஒன்று 90, 100 ஜிபி இருக்கும். ஏழு போட்டால் கணக்கு முடிந்தது. உங்கள் கன்சோலில் கோளாறு எதுவும் இல்லை. 2023 இறுதியில் வந்த மெலிந்த மாடல் 1 டிபி, 2024 நவம்பரில் வந்த புரோ 2 டிபி. உங்களுடையது முதல் தலைமுறை, அவ்வளவுதான்.

கேம்கள் ஏன் இப்படிப் பருத்திருக்கின்றன என்பதையும் தெரிந்துகொண்டால் எதை அழிக்கலாம் என்று முடிவெடுப்பது எளிது. 4கே திரைக்கான படங்களும், பல மொழிகளில் பதிவு செய்த குரல்களும் எடையைக் கூட்டுவது ஒரு பக்கம். இன்னொரு காரணம் பலருக்குத் தெரியாது. பழைய சுழலும் ஹார்ட் டிஸ்க்கில் ஒரு முள் வட்டத்தின் மேல் நகர்ந்து நகர்ந்து படிக்க வேண்டும். ஒவ்வொரு நகர்வுக்கும் நேரம் ஆகும். அதனால் அடிக்கடி தேவைப்படும் சிறு பொருள்களை, ஒவ்வொரு தெருவின் தரவோடும் சேர்த்துத் திரும்பத் திரும்ப எழுதி வைத்தார்கள். ஸ்பைடர்மேன் கேமின் பிஎஸ்4 பதிப்பில் சில துண்டுகள் 400 முறை நகலெடுக்கப்பட்டிருந்ததாக செர்னி அதே உரையில் சொன்னார். எஸ்எஸ்டியில் முள் இல்லை, நகர்வும் இல்லை, அதனால் ஒரு நகல் போதும்.

இந்த நகல்கள் எவ்வளவு இடம் அடைத்துக்கொள்ளும் என்பதை 2025 இறுதியில் ஹெல்டைவர்ஸ் 2 காட்டியது. அதன் கணினிப் பதிப்பு, ஹார்ட் டிஸ்க் வைத்திருப்பவர்களுக்காக நகல்களைச் சுமந்துகொண்டு சுமார் 154 ஜிபி இருந்தது. நகல்களை நீக்கியதும் சுமார் 23 ஜிபி ஆனது. கன்சோல் பதிப்பு முதலிலிருந்தே சிறியதாகத்தான் இருந்தது. ஆகவே ஒரே கேமுக்கு பிஎஸ்4 பதிப்பு, பிஎஸ்5 பதிப்பு இரண்டும் உங்களிடம் இருந்தால், பல நேரங்களில் பிஎஸ்5 பதிப்பே குறைந்த இடம் பிடிக்கும். இரண்டும் ஏறியிருக்கிறதா என்று ஒருமுறை பாருங்கள். இலவச மேம்படுத்தல் கிடைத்த கேம்களில் பழையது அப்படியே தங்கிவிடுவது உண்டு. ஆனால் ஒரு எச்சரிக்கை: சில கேம்களில் பிஎஸ்4 சேவ் தானாக பிஎஸ்5 பதிப்புக்கு வராது, கேமுக்குள் போய் நாம்தான் மாற்ற வேண்டும். புதிய பதிப்பில் பழைய சேவ் திறக்கிறது என்று கண்ணால் பார்த்த பிறகே பழையதை நீக்குங்கள்.

இப்போது செட்டிங்ஸ், ஸ்டோரேஜ், கன்சோல் ஸ்டோரேஜ் என்று உள்ளே போங்கள். கேம்களும் ஆப்களும் ஒரு வரியாகவும், மீடியா கேலரி ஒரு வரியாகவும், சேவ் டேட்டா ஒரு வரியாகவும், மற்றவை ஒரு வரியாகவும் இருக்கும். சேவ் டேட்டாவைத் தொடாதீர்கள். மீடியா கேலரியைத் திறந்து பாருங்கள். ஒவ்வொரு டிராபி (கேமில் ஒரு சாதனைக்குத் தரும் கோப்பை) கிடைக்கும்போதும் கன்சோல் தானாகவே ஒரு சிறு வீடியோவும் ஒரு படமும் எடுத்து வைக்கிறது. இருவர் மூன்று வருடம் விளையாடிய கன்சோலில் இவை சேர்ந்து சேர்ந்து ஒரு நடுத்தர கேம் அளவுக்கு வந்திருப்பதைப் பார்த்திருக்கிறேன். வேண்டியவற்றை பிளேஸ்டேஷன் ஆப் வழியாக போனுக்கோ பென் டிரைவுக்கோ எடுத்துக்கொண்டு மற்றதை நீக்கலாம். டிராபி வீடியோவைச் சேமிக்கும் வசதியை கேப்சர்ஸ் அண்ட் பிராட்காஸ்ட்ஸ் பகுதியில் நிறுத்திவிடலாம். ஆளுக்கொரு கணக்கு என்பதால் இருவரும் தத்தம் கணக்கில் நுழைந்து செய்ய வேண்டும்.

அடுத்து, ஒரு கேமின் பாகங்களைக் கழற்றுவது. எல்லா கேமிலும் முடியாது. முடிகிற இடத்தில் லாபம் பெரிது. கால் ஆஃப் டூட்டி போன்றவற்றில் கதைப் பகுதி, பலர் சேர்ந்து விளையாடும் பகுதி எல்லாம் தனித்தனித் துண்டுகள். முகப்பில் கேம் மேல் நின்று ஆப்ஷன்ஸ் பட்டனை அழுத்தி, மேனேஜ் கேம் கன்டென்ட் என்பதைத் திறந்தால் துண்டுகள் வரிசையாகத் தெரியும். கதையை முடித்துவிட்டு நண்பர்களோடு மட்டும் விளையாடுகிறவர் கதைத் துண்டை நீக்கிவிடலாம். சில கேம்களில் வேற்றுமொழிக் குரல் தொகுப்புகளும் இதே பட்டியலில் இருக்கும்.

பிஎஸ் பிளஸ் சந்தா முன்பு எப்போதாவது இருந்ததா? அப்போது இறக்கிய கேம்கள் சந்தா முடிந்ததும் பூட்டிக்கொள்ளும், ஆனால் இடத்தை விடாது. பூட்டுச் சின்னத்தோடு நிற்கும் ஒவ்வொன்றும் வாடகை தராமல் உட்கார்ந்திருக்கிற குடித்தனம்தான். நீக்குங்கள். பிறகு சந்தா எடுத்தால் திரும்ப இறக்கலாம், சேவ் அப்படியே இருக்கும்.

டிஸ்க் கேம்களைப் பற்றி ஒரு தவறான நம்பிக்கை உண்டு. டிஸ்க் வைத்திருந்தால் இடம் பிடிக்காது என்று நினைக்கிறார்கள். பிஎஸ்5-இல் டிஸ்க்கிலிருந்து நேராக எதுவும் ஓடுவதில்லை. முழு கேமும் எஸ்எஸ்டியில் ஏறித்தான் ஆக வேண்டும். அதன் பிறகு டிஸ்க் நீங்கள் கேமின் உரிமையாளர் என்று காட்டும் சாவி மட்டுமே. ஆனாலும் டிஸ்க்குக்கு ஒரு நன்மை இருக்கிறது. அழித்துவிட்டுத் திரும்ப ஏற்றும்போது பெரும்பகுதி டிஸ்க்கிலிருந்தே வரும், இணையத்தில் இறக்க வேண்டியது பின்னால் வந்த அப்டேட் மட்டும். அதனால் எதை முதலில் அழிப்பது என்று தயங்கினால், டிஸ்க்கில் இருப்பதை அழியுங்கள்.

இவ்வளவும் செய்து முடித்தால் எதுவும் வாங்காமலேயே 100, 150 ஜிபி கிடைக்க வாய்ப்பு உண்டு. அதில் ஒரு 50 ஜிபியை எப்போதும் காலியாகவே விட்டுவையுங்கள். அப்டேட் வரும்போது கன்சோலுக்கு வேலை செய்ய மூச்சுவிடும் இடம் வேண்டும். வெள்ளிக்கிழமை ராத்திரி நண்பர்கள் காத்திருக்கும்போது "இடம் போதவில்லை" என்ற செய்தி வருவதற்குப் பெரும்பாலும் இதுதான் காரணம்.

இனி கடைக்காரருக்கும் நண்பனுக்கும் நடுவிலான வழக்கு. இருவர் சொன்னதிலும் பாதி சரி.

வெளி ஹார்ட் டிஸ்க்கை யுஎஸ்பியில் மாட்டினால், பிஎஸ்4 கேம்கள் அதிலிருந்தே ஓடும். பிஎஸ்5 கேம்கள் ஓடாது. 2021 ஏப்ரலில் வந்த சிஸ்டம் அப்டேட்டிலிருந்து பிஎஸ்5 கேம்களை அதில் கொண்டுபோய் வைக்கலாம், விளையாட வேண்டுமானால் உள்ளே திரும்பக் கொண்டுவர வேண்டும். வீட்டில் பரண் இருக்கிறதே, அதே வேலை. பொங்கலுக்கு வேண்டிய பெரிய பானையைப் பரணில் வைக்கலாம், பரணில் வைத்தே பொங்க முடியாது. கடைக்காரர் இதைச் சொல்லாமல் விட்டதுதான் பிழை. ஹார்ட் டிஸ்க் எவ்வளவு விலை உயர்ந்ததானாலும், வேகமான வெளி எஸ்எஸ்டியே ஆனாலும், யுஎஸ்பி வழியாக வந்தால் பிஎஸ்5 கேம்களுக்கு இதே விதிதான்.

ஆனால் பரணை மட்டமாக நினைக்க வேண்டாம். இங்கே நாம் கேட்க வேண்டியது "எவ்வளவு இடம்" என்பதை விட "திரும்பக் கொண்டுவர எவ்வளவு நேரம்" என்பதைத்தான். வீட்டு இணைப்பு 40 எம்பிபிஎஸ் என்றால் நொடிக்கு 5 எம்பி வரும். 100 ஜிபி கேமை இறக்க 20,000 நொடி, அதாவது ஐந்தரை மணி நேரம். 100 எம்பிபிஎஸ் இணைப்பில் இரண்டேகால் மணி நேரம். அதே கேம் சாதாரண ஹார்ட் டிஸ்க்கில் இருந்தால், நொடிக்கு 100 எம்பி என்று வைத்துக்கொண்டாலும் 17 நிமிடத்தில் உள்ளே வந்துவிடும். சாப்பிட்டுவிட்டு வருவதற்குள் தயார். உங்கள் இணைப்பு வேகமானது, டேட்டா வரம்பும் தாராளம் என்றால் (நம் ஊர் ஃபைபர் திட்டங்கள் பலவற்றில் மாதம் 3,300 ஜிபி வரை வேகம் குறையாது) ஹார்ட் டிஸ்க் தேவையே இல்லை, அழித்து அழித்து இறக்கிக்கொள்ளலாம். போன் ஹாட்ஸ்பாட்டை நம்பி இருப்பவருக்கும் மெதுவான இணைப்பு உள்ளவருக்கும் ஹார்ட் டிஸ்க் பெரிய உதவி.

அடிக்கடி அழித்து ஏற்றினால் எஸ்எஸ்டி தேய்ந்துவிடாதா என்று கேட்பவர்கள் உண்டு. எழுதும்போது ஃபிளாஷ் நினைவகம் தேய்வது உண்மைதான். அளவைப் பாருங்கள். சந்தையில் கிடைக்கும் 1 டிபி எஸ்எஸ்டிகளுக்கு 600 டிபி எழுதும் வரை உத்தரவாதம் தருவது சகஜம். வாரம் ஒரு 100 ஜிபி கேம் ஏற்றினால் ஆண்டுக்கு சுமார் 5 டிபி ஆகும். 600-ஐத் தொட நூறு வருடத்துக்கும் மேல் வேண்டும். இந்தப் பயத்தில் யாரும் கேமை அழிக்காமல் இருக்க வேண்டாம்.

ஹார்ட் டிஸ்க் வாங்குவதானால் சில விஷயங்கள். 250 ஜிபிக்குக் குறையாமலும் 8 டிபிக்கு மேற்படாமலும் இருக்க வேண்டும், யுஎஸ்பி 3 வகை வேண்டும். யுஎஸ்பி ஹப் வழியாக மாட்டினால் எடுக்காது, கன்சோலில் நேராக மாட்ட வேண்டும். உங்கள் மாடலில் முன்பக்கம் உள்ள அகலமான பழைய வடிவத் துளை மெதுவானது, அதில் மாட்டாதீர்கள். பின்பக்கம் உள்ள இரண்டில் ஒன்றில் மாட்டுங்கள். ஒரே நேரத்தில் இப்படி ஒரு டிரைவ்தான் ஏற்கும். சிறிய 2.5 அங்குல டிரைவ் போதும், கன்சோலிலிருந்தே மின்சாரம் எடுத்துக்கொள்ளும்.

இதில் ஒன்றைத் தடித்த எழுத்தில் போட வேண்டும். டிரைவில் கேம் வைக்கும் முன் கன்சோலில் அதை ஃபார்மேட் செய்ய வேண்டும், அப்போது உள்ளே இருந்த எல்லாமே அழியும். வீட்டில் சும்மா கிடக்கிறதே என்று கல்யாண வீடியோ இருக்கும் ஹார்ட் டிஸ்க்கை எடுத்து மாட்டி ஃபார்மேட் செய்துவிடாதீர்கள். ஃபார்மேட் ஆன பிறகு கணினியில் மாட்டினாலும் அது படிக்காது. அதே போல, நம்ப முடியாத மலிவு விலையில் 16 டிபி என்று இணையத்தில் விற்கும் பெயர் தெரியாத டிரைவ்களை வாங்காதீர்கள். உள்ளே சின்ன நினைவகத்தை வைத்துக்கொண்டு பெரிய எண்ணைக் காட்டுகிற போலிகள் அவை. நிரம்பும்வரை ஒன்றும் தெரியாது, பிறகு ஏற்றிய கேம்கள் ஒவ்வொன்றாகக் கெட்டுப்போகும்.

இப்போது நண்பன் சொன்ன எம்.2. உங்கள் கன்சோலுக்குள் ஒரு காலி இடுக்கு முதலிலிருந்தே இருக்கிறது. 2021 செப்டம்பரில் வந்த அப்டேட்தான் அதைத் திறந்துவிட்டது, அப்போது 4 டிபி வரை. 2023 செப்டம்பரில் 8 டிபி வரை என்று ஆக்கினார்கள். அதில் போடும் எஸ்எஸ்டியிலிருந்து பிஎஸ்5 கேம்கள் நேராக ஓடும், உள்சேமிப்பகத்தைப் போலவே. பரண் அல்ல, அடுப்பங்கரையையே பெரிதாக்குவது இது.

எது வேண்டுமானாலும் போட முடியாது. பிசிஐஇ ஜென் 4, நான்கு தடம், என்விஎம்இ என்று பெட்டியில் எழுதியிருக்க வேண்டும். பார்வைக்கு ஒரே மாதிரி இருக்கும் சாட்டா வகை எம்.2-ஐயும் ஜென் 3 வகையையும் கன்சோல் ஏற்காது. மடிக்கணினியிலிருந்து கழற்றிய பழைய எம்.2 பெரும்பாலும் இந்த இரண்டில் ஒன்றாகவே இருக்கும். படிக்கும் வேகம் நொடிக்கு 5,500 எம்பி அல்லது அதற்கு மேல் என்பது சோனியின் பரிந்துரை. 7,000-க்கு மேல் போகும் டிரைவ்களுக்குக் கூடுதல் பணம் தர வேண்டாம் என்பது என் கருத்து. கேம் திறக்கும் நேரத்தில் கண்ணுக்குத் தெரியும் வித்தியாசம் எனக்குக் கிடைக்கவில்லை. கணினியின் ரேமைக் கடன் வாங்கி வேலை செய்யும் எச்எம்பி வகை மலிவு டிரைவ்களும் உண்டு. பிஎஸ்5 அந்தக் கடனைக் கொடுப்பதில்லை, அதனால் அவற்றின் வேகம் ஓரளவு குறையலாம். விலை வித்தியாசம் சிறிது என்றால் தன் சொந்த டிரேம் (டிரைவுக்குள்ளேயே இருக்கும் சிறு நினைவகம்) உள்ளதையே எடுங்கள்.

வெப்பத்தை வெளியேற்றும் ஹீட்சிங்க் கட்டாயம். அதோடு சேர்த்தே விற்கும் டிரைவ் வாங்குவது நிம்மதி. தனியாக வாங்கி ஒட்டினால் அளவு பாருங்கள்: அகலம் 25 மிமீ, மொத்தத் தடிமன் 11.25 மிமீ, இதைத் தாண்டக் கூடாது. கணினிக்கான உயரமான ஹீட்சிங்க்கை ஒட்டிவிட்டு மூடி போட முடியாமல் நின்றவர்களைப் பார்த்திருக்கிறேன்.

மாட்டுவதற்குக் கடைக்குக் கொண்டுபோக வேண்டியதில்லை. கன்சோலை முழுதாக அணைத்துவிட்டு (ரெஸ்ட் மோட் என்ற தூக்க நிலை போதாது) எல்லா வயரையும் கழற்றி, சூடு ஆறும்வரை விடுங்கள். மேசை மேல் ஒரு துணி விரித்து, டிஸ்க் டிரைவ் இல்லாத பக்கம் மேலே வருமாறு படுக்க வைத்து, வெள்ளை மூடியை ஒரு மூலையில் லேசாகத் தூக்கி நகர்த்தினால் கழன்று வரும். ஒரே ஒரு திருகில் நிற்கும் நீளமான உலோக மூடி தெரியும். நட்சத்திர முனைத் திருப்புளியால் அதைத் திறந்தால் இடுக்கு. உள்ளே இன்னொரு சிறு திருகும் அதன் கீழே ஒரு வளையமும் இருக்கும். உங்கள் டிரைவின் நீளத்துக்கு ஏற்ற துளைக்கு அந்த வளையத்தை மாற்றுவதைத்தான் பலர் மறக்கிறார்கள். 2280 என்ற அளவுக்கு 80 என்று குறித்த இடம். டிரைவைச் சாய்வாக இடுக்கில் நுழைத்து, மெல்லப் படுக்கவைத்துத் திருகுங்கள். அழுத்தம் வேண்டாம், அழுத்தித்தான் போகிறது என்றால் தலைகீழாகப் பிடித்திருக்கிறீர்கள். மூடி திறந்திருக்கும்போதே விசிறிப் பக்கம் படிந்த தூசியை வாக்குவம் கிளீனரால் எடுத்துவிடலாம். நம் ஊர்த் தூசிக்கு இது தனியாக ஒரு நல்ல வேலை.

திரும்பப் போட்டதும் கன்சோல் தானாகவே ஃபார்மேட் செய்யக் கேட்கும், வேகத்தையும் அளந்து காட்டும். பிறகு செட்டிங்ஸில் இன்ஸ்டலேஷன் லொகேஷன் என்ற இடத்தில், புதிய பிஎஸ்5 கேம்கள் எம்.2-க்குப் போகட்டும் என்று சொல்லிவிடுங்கள். இருப்பவற்றை அங்கே நகர்த்தவும் நேரம் பிடிக்காது, பெரிய கேமே சில நிமிடங்களில் போய்விடும். சேவ்கள் மட்டும் எம்.2-க்குப் போகாது, எப்போதும் கன்சோலின் உள்சேமிப்பகத்திலேயே இருக்கும். நாளை எம்.2 பழுதானாலும் போவது கேம்கள் மட்டும்தான். ஆனால் உள்சேமிப்பகம் மதர்போர்டில் பற்றவைக்கப்பட்டது, கழற்றி மாற்ற முடியாதது. கன்சோலே பழுதாகிப் போனால் சேவ்களும் போகும். ஆகவே தங்கைக்கு அந்தச் சேவ்கள் முக்கியம் என்றால், 2 டிபிக்குப் பதில் 1 டிபி எம்.2 வாங்கி, மிச்சப் பணத்தில் பிஎஸ் பிளஸ் அடிப்படைச் சந்தா எடுங்கள் என்பேன். அவளுடைய கணக்கில் எடுக்க வேண்டும். கிளவுட் நகல் சந்தா வைத்திருப்பவரின் சேவ்களுக்கு மட்டும்தான்.

மேலே சொன்ன கணக்குகளை வைத்து உங்கள் நிலைமைக்கு என் முடிவு இது. உங்கள் ஏழு கேம்களில் பிஎஸ்4 கேம்கள் மூன்று நான்கு இருந்தால், கடைக்காரர் சொன்ன ஹார்ட் டிஸ்க் வாங்கி அவற்றை அங்கே மாற்றுங்கள். பாதிப் பிரச்சினை குறைந்த செலவில் தீரும். எல்லாமே பிஎஸ்5 கேம்கள், இருவரும் வெவ்வேறு கேம்களை மாற்றி மாற்றி விளையாடுகிறீர்கள் என்றால் நண்பன் சொன்ன எம்.2. ஒரே நேரத்தில் ஒன்றிரண்டுதான் விளையாடுகிறீர்கள், இணைப்பும் நன்றாக இருக்கிறது என்றால் இரண்டும் வேண்டாம்.

எக்ஸ்பாக்ஸ் வைத்திருப்பவர் யாராவது இதைப் படித்தால்: சீரிஸ் எக்ஸ், எஸ் இரண்டிலும் திறந்து எம்.2 போட முடியாது. அதற்கென்றே செய்த விரிவாக்க அட்டையைப் பின்னால் செருக வேண்டும், யுஎஸ்பி விதிகள் ஏறக்குறைய இதே மாதிரிதான். நின்டெண்டோ ஸ்விட்ச் 2-இல் பழைய மைக்ரோ எஸ்டி அட்டையில் கேம் ஏற்ற முடியாது, மைக்ரோ எஸ்டி எக்ஸ்பிரஸ் வகை வேண்டும்.

"கேம் எப்போதும் திரும்ப வரும்" என்றேன். அதற்கு அரிதான விலக்கு உண்டு. 2014-இல் கொனாமி பிஎஸ்4-க்கு இலவசமாக வெளியிட்ட பி.டி. என்ற சிறு திகில் கேமை 2015-இல் கடையிலிருந்து எடுத்துவிட்டார்கள். அதன் பிறகு, முன்பு இறக்கியவர்களாலும் திரும்ப இறக்க முடியவில்லை. அது ஏறியிருந்த பழைய கன்சோல்களை ஆட்கள் கூடுதல் விலைக்கு வாங்கினார்கள். கடையிலிருந்து எடுக்கப்படும் கேம்கள் பெரும்பாலும் வாங்கியவருக்குத் திரும்பக் கிடைக்கும். ஆனாலும் விற்பனை நிறுத்தப்பட்ட கேம் ஒன்று உங்களிடம் இருந்தால் அதை அழிக்காமல் பரணுக்கு அனுப்புங்கள்.

கடைசியாக மின்வெட்டு. கேமை ஹார்ட் டிஸ்க்குக்கு நகர்த்தும் நேரத்தில் கரண்ட் போனால் அந்த நகல் கெட்டுப்போகலாம். இன்வெர்ட்டர் இல்லாத வீடு என்றால் மழை, காற்று இருக்கும் நாளில் நகர்த்தும் வேலையை வைத்துக்கொள்ளாதீர்கள். ஹார்ட் டிஸ்க் வயரை, கன்சோல் ஓடிக்கொண்டிருக்கும்போதோ ரெஸ்ட் மோடில் இருக்கும்போதோ பிடுங்காதீர்கள். அப்படி ஏதாவது நடந்து, கேம் இருக்கிறது ஆனால் திறக்கவில்லை, இடக் கணக்கு தப்பாகக் காட்டுகிறது என்றால் சேஃப் மோடு என்ற பழுதுபார்க்கும் பட்டியலுக்குப் போங்கள். கன்சோலை அணைத்துவிட்டு, பவர் பட்டனை இரண்டாவது பீப் சத்தம் கேட்கும்வரை சுமார் ஏழு நொடி அழுத்திப் பிடித்து, கன்ட்ரோலரை வயரில் இணைத்தால் பட்டியல் வரும். அதில் கிளியர் கேச் அண்ட் ரீபில்ட் டேட்டாபேஸ் என்பதை எடுங்கள். உள்ளே கேட்கும் இரண்டு வேலைகளையும் தயங்காமல் செய்யலாம், சேவ் போகாது. அதே பட்டியலில் ரீசெட் என்று தொடங்கும் வரிகளும் இருக்கும். அவற்றைத் தொடும் முன் இங்கே எழுதிக் கேளுங்கள், இரவு எத்தனை மணியானாலும் பதில் சொல்கிறேன்.